நூற்றிரண்டாம் நம்பர் பஸ்ஸின் தரிப்பிடங்கள்

பிள்ளைகளே, நீங்கள் இரண்டு பேரும் என்னைப் பார்த்துச் சிரிப்பது எனக்குத் தெரியும். போன கிழமை சின்னவள் எங்கள் பிளாட் படியில் சறுக்கி, நெற்றியைக் கைப்பிடிக் கம்பியில் இடித்துக்கொண்டாள். நான் ஓடிவந்து அவள் முகத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு முதலில் கேட்டது, "காலையில என்ன சாப்பிட்ட?" என்றுதான்.

"புட்டு. முதல்ல ரத்தத்தைத் துடையுங்கோ அப்பா" என்றாள் அவள்.

பெரியவன் மேல்படியில் நின்று, "அம்மா, தங்கச்சி விழுந்திட்டாள், அப்பா மெனு கேக்கிறார்" என்று கத்தினான். அம்மாவும் சேர்ந்து சிரித்தாள். ஆனால் அவளுக்குக் கொஞ்சம் தெரியும், ஆகவே கொஞ்சம்தான் சிரித்தாள்.

அந்தக் கேள்வியை நான் ஓர் ஆஸ்பத்திரிக் கட்டில் பக்கத்தில் நின்று கற்றேன். என்னை நம்பிய ஒரு மனிதனை, தலையில் அடிபட்ட பிறகும், நானே திரும்ப விளையாட அனுப்பிய நாள் அது. அவர் இன்று நன்றாக இருக்கிறார். முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பயப்படாமல் வாசியுங்கள். எனக்கு எழுதிப் பழக்கமில்லை. ஹார்ட்வெயார் கடை ஸ்டோரில் ஆணி, பூட்டு, பைப் என்று சாமான் பெயர் எழுதிய கை இது. பிழை இருந்தால் திருத்திக்கொள்ளுங்கள்.

நான் கொட்டாஞ்சேனையில் பிறந்து வளர்ந்தவன். என் அப்பாவும் அம்மாவும் மலைநாட்டிலிருந்து வந்தவர்கள். ஓ/எல் பரீட்சையில் கணிதம் இரண்டு முறை எழுதி இரண்டு முறையும் போனது. பள்ளிக்கூடத்தில் என்னை ஒருவருக்கும் தெரிந்திருக்காது, றக்பி மட்டும் இல்லாவிட்டால். நான் பத்தாம் நம்பர். பதினைந்து பேர் விளையாட்டில் பந்து ஆள்களின் குவியலுக்குள் இருந்து வெளியே வந்ததும் முதலில் பத்தாம் நம்பரின் கைக்குத்தான் வரும். உதைப்பதா, பக்கத்திலுள்ளவனுக்கு எறிவதா, தானே ஓடுவதா என்று அவன்தான் முடிவு எடுக்க வேண்டும். எதிரிகள் எருமை மாதிரிப் பாய்ந்து வருவார்கள். அவர்கள் வந்து சேருவதற்குள் தீர்மானிக்க வேண்டும். கணிதத்தில் ஒரு கணக்குக்கு அரை மணித்தியாலம் எடுத்த எனக்கு இது மட்டும் எப்படியோ வந்தது. என் சொல்லுக்குப் பதினான்கு பேர் ஓடினார்கள். அந்த வயதில் அது சின்ன விஷயமா?

என் பெயரைக் கொட்டாஞ்சேனையில் இன்றும் சிலருக்குத் தெரியும் என்றால் அது ஒரே ஒரு மேட்சினால். முதல் பாதியில் என் தலையில் ஒருவனுடைய முழங்கால் பட்டது. நான் எழுந்து நின்று, கடைசி நிமிடத்தில் நாற்பது யார் தூரத்திலிருந்து உதைத்த பந்து கம்பத்துக்கு மேலால் போய் நாங்கள் வென்றோமாம். "மாம்" என்றுதான் எழுத வேண்டும். அந்த உதை எனக்கு ஞாபகம் இல்லை. முதல் பாதியில் விழுந்தது ஞாபகம் இருக்கிறது, பிறகு வீட்டில் வாளிக்குப் பக்கத்தில் குந்திச் சத்தி எடுத்தது ஞாபகம் இருக்கிறது. இடையில் ஒன்றுமில்லை. அடுத்த நாள் எங்கள் கோச் என் முதுகில் தட்டி, "இவன்தான்டா ஆம்பிள" என்றார். எனக்குப் பெருமையாக இருந்தது. அந்த உதையைப் பற்றி யாராவது கேட்டால், ஞாபகம் இருப்பது போலக் கைகாலை ஆட்டிச் சொல்லப் பழகிக்கொண்டேன். உங்களுக்கும் அப்படித்தான் சொல்லியிருக்கிறேன். அது பொய், பிள்ளைகளே. அந்த உதையைப் பார்த்த எல்லோரிலும் குறைவாகப் பார்த்தவன் நான்தான்.

பள்ளிக்கூடம் முடிந்து புறக்கோட்டையில் வேலைக்குச் சேர்ந்தேன். அங்கே கடைகளில் வேலை செய்கிறவர்கள் சேர்ந்து ஓர் அணி வைத்திருந்தார்கள். புடவைக்கடை, சாமான்கடை, மரக்கறி மொத்தக்கடை, எல்லா இடத்திலிருந்தும் ஆள்கள். தமிழர், முஸ்லிம்கள், சிங்களவர் எல்லோரும் இருந்தார்கள். ஒன்பது வருடம் அவர்களுக்குப் பத்தாம் நம்பராக விளையாடினேன். பிறகு இடது முழங்கால் பழுதாய்ப் போனது. உங்கள் அம்மா, "இனிப் போதும், இல்லாட்டி உங்களைத் தூக்கிக்கொண்டு நாலு மாடி நான் ஏறேலாது" என்றாள். அணியில் உள்ளவர்கள், "நீங்களே கோச்சா இருங்க" என்றார்கள்.

விளையாடுகிறவன் கோச் ஆவது சுகமான வேலை என்று நினைத்தேன். முதல் மேட்சிலேயே தொண்டை கட்டியது. உள்ளே நிற்கும் பத்தாம் நம்பரை விட ஒரு நொடி முந்தி எனக்கு வழி தெரியும், ஆனால் கால் அவனுடையது. கோட்டுக்கு வெளியில் அங்குமிங்கும் ஓடிக் கத்தினேன். ஒரு நாள் கோட்டைத் தாண்டி உள்ளேயே போய்விட்டேன், ரெஃபரி என்னைச் சட்டைக் கொலரில் பிடித்து வெளியே விட்டார்.

அதனால்தான் பஸ் நம்பர் முறையைக் கொண்டுவந்தேன். இரண்டு மொழி பேசும் அணிக்கு எல்லோருக்கும் ஒரே மாதிரித் தெரிந்த ஒன்று வேண்டுமே. பஸ் ரூட் தெரியாத கொழும்பு ஆள் இல்லை. 'நூறு' என்றால் காலி வீதியால் நேரே போகிற பஸ், ஆகவே நேரே நீட்டி உதை. 'நூற்றி நாற்பத்தொன்று' வெள்ளவத்தையில் காலி வீதியை விட்டு உள்ளே திரும்பும், ஆகவே வெளியே ஓடுவது போலக் காட்டி உள்ளே வெட்டு. 'நூற்றிரண்டு' கொட்டாஞ்சேனையிலிருந்து நீளமாக வருகிற பஸ். பந்து கை மாறிக் கை மாறி மைதானத்தின் அந்த ஓரம் வரை போக வேண்டும்.

நூற்றிரண்டுதான் எங்களுடைய சிறப்பு. பின்னேரம் பயிற்சியில் ஏழு பேர் வரிசையாக ஓடுவார்கள். பந்தைப் பிடிக்கிறவன் ஒரு தரிப்பிடத்தின் பெயரைச் சத்தமாகச் சொல்லிவிட்டு அடுத்தவனுக்கு எறிய வேண்டும். கொட்டாஞ்சேனை, கொச்சிக்கடை, புறக்கோட்டை, கோட்டை, கொள்ளுப்பிட்டி, பம்பலப்பிட்டி, வெள்ளவத்தை. பெயர் பிந்தினால் பந்து பிந்திவிட்டது என்று அர்த்தம். ஒரு பின்னேரத்துக்கு நூறு தடவையாவது கொட்டாஞ்சேனையிலிருந்து வெள்ளவத்தைக்கு வருவோம். மைதானத்துக்குப் பக்கத்து வீட்டுக் கிளி "பம்பலப்பிட்டி" என்று சொல்லத் தொடங்கியதாக அந்த வீட்டுக்காரர் வந்து முறையிட்டார்.

ஒரு முறை பஸ் டிப்போவில் வேலை செய்கிறவர்களின் அணியோடு விளையாட வேண்டி வந்தது. எங்கள் ஆள் "நூற்றி நாற்பத்தொன்று" என்று கத்தியதும் எதிரணியில் ஒரு கண்டக்டர், "பஹின அய இன்னவாத?" என்று சத்தம் போட்டார். இறங்குகிறவர்கள் இருக்கிறார்களா என்று சிங்களத்தில் கேட்பது. மைதானமே சிரித்தது. பந்து உள்ளே திரும்பிய இடத்தில் அவர்கள் நான்கு பேர் ஏற்கெனவே காத்து நின்றார்கள். அன்று நன்றாக வாங்கிக் கட்டினோம்.

அந்த முறையில் நான் இன்னொன்றையும் சேர்த்தேன். யாராவது தலையில் அடிபட்டு விழுந்தால் தண்ணீர்ப் போத்தலோடு ஓடிப்போய், "நூற்றிரண்டு எங்கெங்க நிக்கும்?" என்று கேட்பேன். ஒழுங்காகச் சொன்னால் தலை சரி, எழும்பு, விளையாடு. எங்கள் சின்னப் போட்டிகளுக்கு டாக்டர் வருவதில்லை. என் பழைய கோச் இரண்டு விரலைக் காட்டி எத்தனை என்று கேட்பார், அவ்வளவுதான். அதை விட என் கேள்வி கெட்டித்தனமானது என்று நான் நம்பினேன். அந்த நம்பிக்கையைத்தான் சொல்ல வருகிறேன்.

அந்த வருடம் எங்கள் பத்தாம் நம்பர் மாளிகாவத்தையைச் சேர்ந்த ஒருவர். இருபத்தாறு வயது. புடவைக்கடையில் துணி அளந்து வெட்டுகிறவர். எந்தத் தூரத்தையும் துணிக்கணக்கில்தான் சொல்வார். "நானா, கம்பத்துக்கு இன்னும் மூணு சாரி தூரம் ஈக்கி" என்பார். நானா என்றால் முஸ்லிம்கள் பேச்சில் அண்ணன், ஈக்கி என்றால் இருக்கிறது. உதைத்த பந்து வெளியே போனால், "ஒரு யார் கூட வெட்டிட்டேன், மொதலாளி ஏசப் போறாரு" என்பார். எதிரில் வருகிறவன் நூற்றிப் பத்துக் கிலோ என்றாலும் வாய் மூடாது. கல்யாணமாகி ஒரு வருடம். மனைவிக்கு ஏழு மாதம். குழந்தை பிறப்பதற்கு முன் ஒரு கோப்பையைத் தூக்கிக் காட்ட வேண்டும் என்று அவருக்கு ஆசை. மூன்று வருடம் அரையிறுதியில் தோற்ற எனக்கு அவரை விட ஆசை.

அந்த நாள்களில்தான் கனடாவிலிருந்து உங்கள் மாமா போன் எடுத்தார். அம்மாவின் தம்பி, உங்களுக்குத் தெரியும், எடுத்தால் வைக்கமாட்டார்.

"அத்தான், இஞ்ச ஒரு விளையாட்டு இருக்கு. பேர் புட்போல்தான், ஆனா காலால உதைக்கிறது குறைவு. அதில குவாட்டர்பேக் எண்டு ஒருத்தன். நீங்க நம்பர் டென்னில செய்ததைத்தான் அவனும் செய்யிறான், பந்தை வாங்கி ஆரிட்ட எறியிறதெண்டு பாக்கிறது. எங்கட பக்கத்து மைதானத்தில ஒரு கிழவன், முந்திப் பெரிய குவாட்டர்பேக்காம், இப்ப கோச். உங்களை மாதிரியே. விளையாட்டை விட்டும் வாயை விடேல்லை."

"சரி, சரி. ஆள் கெட்டிக்காரனா?"

"அதைக் கேளுங்கோ. அவங்கள் எல்லாம் ஹெல்மெட் போட்டுத்தான் விளையாடுறது. ஒருத்தன் தலையில அடிபட்டு வந்தா இந்த மனுசன் ஒண்டும் கேக்கிறேல்லை. ஹெல்மெட்டை எடுத்து, தான் இருக்கிற வாங்குக்குக் கீழ ஒளிச்சுப்போட்டு அதுக்கு மேல குந்திடுவார். ஹெல்மெட் இல்லாம உள்ள போகேலாது. அடிபட்டவன் தேடித் திரிவான், இவர் வானத்தைப் பாத்துக்கொண்டிருப்பார். ஏனெண்டு கேட்டன். அடிபட்டவனிட்டக் கேட்டா அவன் சுகமெண்டுதான் சொல்லுவான், நானும் அப்பிடித்தான் சொன்னனான் எண்டார்."

நான் சிரித்தேன். "அது பயந்தாங்கொள்ளி விளையாட்டு. எங்கட ஆள்கள் ஹெல்மெட்டே போடுறதில்ல" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டேன்.

அரையிறுதி ஒரு போயா நாளில், பௌர்ணமி விடுமுறையில் வந்தது. கடைகள் பூட்டு, எல்லோரும் வந்திருந்தார்கள். காலை பத்து மணி வெயில். இரண்டாம் பாதியில் இன்னும் கால் மணித்தியாலம் இருக்கும்போது நாங்கள் ஐந்து புள்ளி முன்னால். எதிரணியின் மொத்தமான ஒருவன் கோட்டை நோக்கி ஓடிவந்தான். எங்கள் பத்தாம் நம்பர் குறுக்கே பாய்ந்து அவன் இடுப்பைப் பிடித்தார். இரண்டு பேரும் விழுந்தார்கள். அவன் எழுந்தான். நம்மவர் எழவில்லை.

நான் முழங்கால் வலியை மறந்து ஓடினேன். போய்ச் சேரும்போது கண் திறந்திருந்தது. முகத்தில் தண்ணீர் ஊற்றினேன்.

"தம்பி, நூற்றிரண்டு எங்கெங்க நிக்கும்?"

அவர் என் முகத்தைப் பார்த்தார். தடங்கலில்லாமல் சொன்னார். "கொட்டாஞ்சேனை, கொச்சிக்கடை, புறக்கோட்டை, கோட்டை, கொள்ளுப்பிட்டி, பம்பலப்பிட்டி, வெள்ளவத்தை."

ஒன்றும் குறையவில்லை. ஒன்றும் மாறவில்லை. என் மனதுக்குள் ஒரு பூட்டுத் திறந்த மாதிரி இருந்தது. நான் ரெஃபரியிடம் பெருவிரலைக் காட்டினேன். அவர் விசில் ஊதினார்.

அடுத்த ஐந்து நிமிடத்தை நான் பல தடவை நினைத்துப் பார்த்திருக்கிறேன். அவர் "நூற்றிரண்டு" என்றார். பந்து ஓரம் வரை போய் நின்றது. மறுபடியும் "நூற்றிரண்டு". நல்லது, எதிரணியைக் களைக்க வைக்கிறார் என்று நினைத்தேன். மூன்றாம் முறையும் "நூற்றிரண்டு". ஓரத்தில் இடமே இல்லை, எதிரிகள் அங்கே கூடி நிற்கிறார்கள், உதைக்கத்தான் வேண்டும். நான் "நூறு! நூறு!" என்று கத்தினேன். அவர் திரும்பியும் பார்க்கவில்லை. அதற்கும் மேலே ஒன்று இருந்தது. அவர் வாய் சும்மா இருந்தது. சாரிக் கணக்கும் இல்லை, யார்க் கணக்கும் இல்லை, மொதலாளி பேச்சும் இல்லை.

ஒருவருக்குக் கால் சுளுக்கி ஆட்டம் நின்றபோது அவர் தண்ணீர் குடிக்கக் கோட்டடிக்கு வந்தார்.

"நானா, ஸ்கோர் என்ன?"

"அஞ்சு முன்னுக்கு."

போத்தலைத் தந்தார். வாயைத் துடைத்தார். "நானா, ஸ்கோர் என்ன?"

அவர் மைதானத்தைப் பார்த்தபடி, நான் ஒன்றும் கேட்காமலே, மெல்லிய குரலில் "கொட்டாஞ்சேனை, கொச்சிக்கடை, புறக்கோட்டை" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

அப்போதுதான் எனக்கு விளங்கியது, பிள்ளைகளே. அதைச் சொன்னது அவருடைய புத்தி இல்லை, பழக்கம். நித்திரையில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லும்படி நான்தானே ஒவ்வொரு பின்னேரமும் அதை அவர் வாயில் ஏற்றினேன்? அடிபட்ட தலையிலும் கடைசி வரை அழியாமல் நிற்கிற ஒன்றைத் தேடி எடுத்து, அதையே கேள்வியாக வைத்திருந்தேன். நாற்பது யார் உதையை நானும் அப்படித்தான் உதைத்திருப்பேன். கால் செய்தது. நான் அங்கே இல்லை.

"தம்பி, நீ வெளியால வா" என்றேன்.

"என்னத்துக்கு? எனக்கு ஒண்டுமில்ல. பத்து நிமிசம்தானே நானா."

எங்கள் கப்டன் ஓடிவந்தார். ஹட்டன் பக்கத்து ஆள், புறக்கோட்டையில் மூட்டை தூக்கும் நாட்டாமி, அணியிலேயே பெரிய உடம்பு. "சார், என்ன செய்றீங்க? இவர எடுத்தா பத்துல யாரு நிப்பா? வெளிய ஒக்காந்திருக்க அந்தப் பயலா? அவனுக்கு எடது காலு எது வலது காலு எதுன்னே தெரியாது சார்!"

ரெஃபரி எங்களைப் பார்த்துக் கையை அசைத்தார். ஆட்டம் தொடங்கப் போகிறது. நம்மவர் கோட்டைத் தாண்ட ஓர் அடி வைத்துவிட்டார். அவரோடு வாதாடினால் அவர்தான் வெல்வார். நான் வாதாடவில்லை. கையை நீட்டினேன்.

"உன்ர கம்ஷீல்ட்டை ஒருக்காக் காட்டு, வெடிச்சிருக்கா எண்டு பாப்பம்."

பல்லுக்கு மேல் மாட்டுகிற ரப்பர் உறை அது. அது போடாத ஒருவரையும் எங்கள் போட்டியில் ரெஃபரி உள்ளே விடமாட்டார். அவர் குழந்தை மாதிரி வாயைத் திறந்து எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார். எச்சிலும் கொஞ்சம் ரத்தமும் ஒட்டியிருந்தது. நான் அதைக் காற்சட்டைப் பைக்குள் போட்டேன்.

"நானா, அதத் தாங்களே."

"நாளைக்குத் தாறன்."

"சார்!" என்று கப்டன் தலையில் அடித்துக்கொண்டார். பிறகு நம்மவரின் கண்ணைக் கிட்ட வந்து பார்த்தார். அந்த இடது கால் வலது கால் தெரியாதவரைக் கைகாட்டி உள்ளே கூப்பிட்டுக்கொண்டு போனார்.

நான் மேட்சின் மீதியைப் பார்க்கவில்லை. ஒரு த்ரீவீலரைப் பிடித்து அவரை ஏற்றிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனேன். வழியில் நான்கு தடவை ஸ்கோர் கேட்டார். ஒரு தடவை சத்தி எடுத்தார். த்ரீவீலர்காரர் ஏசவில்லை, "பவ், மல்லி" என்று சொல்லிவிட்டு இன்னும் வேகமாக ஓட்டினார். பாவம் தம்பி என்கிறார்.

ஸ்கேன் எடுக்க உள்ளே கொண்டுபோன பிறகு நான் நடைவழியில் தனியாக நின்றேன். அவருடைய மனைவியும் அவரைப் பெற்ற உம்மாவும் வந்தார்கள். மனைவி வயிற்றைப் பிடித்துக்கொண்டு வாங்கில் உட்கார்ந்தாள். உம்மா உட்காரவில்லை. என் முன்னால் வந்து நின்றார்.

"அடிபட்ட பொறகு வெளையாடினானாமே? அவனே எழும்பிப் போனதா, யாரும் அனுப்பினதா?"

அவனேதான் போனான் என்று சொல்லியிருக்கலாம். சரியாகப் பதில் சொன்னான் என்றும் சொல்லியிருக்கலாம், அது உண்மையும்கூட. என் வாயில் இரண்டும் வந்து நின்றன.

"நான்தான் அனுப்பினது, உம்மா" என்றேன். "சரியாப் பாக்காம அனுப்பிட்டன். பிறகு எடுத்தன். அஞ்சு நிமிசம் பிந்திப் போச்சு."

அவர் என்னை ஏசவில்லை. ஏசியிருந்தால் சுகமாக இருந்திருக்கும். போய் மருமகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, தலைத் துணியைச் சரிசெய்துகொண்டு, உதடு மட்டும் அசைய ஓதத் தொடங்கினார்.

இரண்டு மணித்தியாலம் அப்படி இருந்தோம். உங்கள் இரண்டு பேர் முகமும் மாறி மாறி வந்தது. பிறக்கப்போகும் அந்தப் பிள்ளைக்கு என்ன பதில் சொல்வேன் என்று நினைத்தேன். இடையில் கப்டன் வந்தார், சேறு காயாத ஜேர்சியோடு. பின்னால் இன்னும் ஆறேழு பேர். தாதி அவர்களைப் பார்த்து, "இது ஆஸ்பத்திரி, மைதானம் இல்ல" என்று வாசலிலேயே நிறுத்தினார்.

"மேட்ச்?" என்றேன்.

"போச்சு சார், ரெண்டு புள்ளில. அது கெடக்கட்டும். ஆளு எப்புடி?"

அப்போது டாக்டர் வெளியே வந்தார். சின்ன வயதுப் பெண், தமிழில் பேசினார். "ரத்தக்கசிவு ஒண்டுமில்லை. மூளை குலுங்கியிருக்கு, அவ்வளவுதான். இண்டைக்கு வச்சுப் பாப்பம். இன்னொரு அடி விழுந்திருந்தா நான் இப்பிடிச் சொல்லேலாமப் போயிருக்கும். ஆர் வெளியால எடுத்தது?"

கப்டன் தன் பெரிய கையால் என்னைக் காட்டினார். உம்மா நிமிர்ந்து பார்த்தார். சுவரைப் பிடித்துக்கொண்டேன். மூச்சு உள்ளே போனது. அதுவரை போகவில்லை என்பதே அப்போதுதான் தெரிந்தது.

எங்களை உள்ளே விட்டார்கள். டாக்டர் கட்டிலடியில் நின்று அவரிடம் கேட்டார், "இண்டைக்குக் காலமை என்ன சாப்பிட்டீங்க?"

அவர் யோசித்தார். "கொட்டாஞ்சேனை" என்று தொடங்கினார்.

"பஸ் வேண்டாம். சாப்பாடு."

தெரியவில்லை. அவர் கண்ணில் முதல் முறையாகப் பயம் வந்தது. டாக்டர் என்னைத் திரும்பிப் பார்த்து, "பாடமாக்கினதைக் கேக்கக்கூடாது. இண்டைக்கு நடந்ததைக் கேக்க வேணும்" என்றார். கணித வாத்தியார் முன் நின்றது போலத் தலையை ஆட்டினேன்.

பின்னேரம் ஐந்து மணி இருக்கும். மனைவி அவர் கையைப் பிடித்துக்கொண்டு இருந்தாள். நான் போக எழுந்தேன். அவர் கூரையைப் பார்த்தபடி திடீரென்று சொன்னார், "பாண்."

மனைவி குனிந்து அவர் முகத்துக்குக் கிட்டப் போனாள்.

"பாணும் சம்பலும். சம்பலுக்கு உப்புக் கூடிப் போன."

மனைவி கையை உதறினாள். "உப்பு சரியாத்தான் ஈந்த! ரெண்டு தரம் வாங்கித் தின்டீங்க!" என்று சொல்லிவிட்டு, சிரிக்கிறாளா அழுகிறாளா தெரியாமல் முகத்தை முந்தானையால் மூடிக்கொண்டாள். உம்மா "அல்ஹம்துலில்லாஹ்" என்றார். பிறகு என் பக்கம் திரும்பி, "நீங்க இன்னும் ஒண்டும் தின்னல்லதானே? ஊட்டுக்குப் பெய்த்துத் தின்னுங்க மகன்" என்றார். மகன் என்றார், பிள்ளைகளே.

கப்டன் வாசலில் நின்றவர்களிடம், "பாணாம்டா! சம்பலாம்டா!" என்று சொல்ல, அங்கே கை தட்டினார்கள். தாதி எல்லோரையும் வெளியே துரத்தினார்.

இரண்டு மாதத்தில் அவருக்கு மகள் பிறந்தாள். அந்த வருடம் அவர் விளையாடவில்லை. வாயை வைத்துக்கொண்டு வீட்டில் இருக்க முடியாமல் பயிற்சிக்கு வந்து எனக்குப் பக்கத்தில் நின்றார். "நானா, கத்தாதீங்க, அவனுக்கும் கண் ஈக்கி" என்று எனக்கே கோச் பண்ணினார். இப்போது உதைக்கப் பழக்குவது அவர்தான், துணிக்கணக்கில். நூற்றிரண்டை நாங்கள் இன்னும் ஓடுகிறோம், ஆனால் விழுந்தவனிடம் யாரும் பஸ்ஸைப் பற்றிக் கேட்பதில்லை. விழுந்தவனின் கம்ஷீல்ட் முதலில் என் பைக்குள் வரும், கேள்வி பிறகு. சரியாகச் சொன்னாலும் அன்றைக்குத் திருப்பிக் கொடுப்பதில்லை. உங்கள் மாமாவிடம் போன் எடுத்து அந்தக் கிழவனுக்கு நன்றி சொல்லச் சொன்னேன். "பயந்தாங்கொள்ளி எண்டனீங்களே அத்தான்" என்று அவர் ஒரு மணித்தியாலம் என்னைக் கிண்டல் பண்ணினார். பண்ணட்டும்.

அன்று ஆஸ்பத்திரியிலிருந்து பஸ்ஸில் வந்தேன். எங்கள் வெள்ளவத்தைத் தரிப்பிடத்தில் இறங்கி ஒழுங்கையால் நடந்தபோது கடல் காற்று முகத்தில் அடித்தது. நான்கு மாடியும் ஏறினேன், முழங்கால் வலித்தது, நன்றாக வலிக்கட்டும் என்றிருந்தது. நீங்கள் இரண்டு பேரும் டியூஷனில். அம்மா கோயிலுக்குப் போயிருந்தாள். கதவுத் திறப்பை எடுக்கப் பைக்குள் கைவிட்டேன். நாளைக்குத் தாறன் என்று வாங்கிய கம்ஷீல்ட் தட்டுப்பட்டது. காலையிலிருந்து அது என்னோடுதான் இருந்திருக்கிறது, ரத்தம் காய்ந்து பையின் நூலெல்லாம் ஒட்டிக்கொண்டு.

குசினித் தொட்டியடிக்குப் போய்க் குழாயைத் திறந்தேன். விரலால் நூலை ஒவ்வொன்றாக எடுத்தேன். பல் பதிந்த பள்ளங்களுக்குள் கொஞ்சம் சவர்க்காரம் போட்டுத் தேய்த்துத் தண்ணீர் தெளிவாகப் போகும் வரை கழுவினேன். உதறி, பெரியவனின் பழைய சாப்பாட்டுப் பெட்டிக்குள் சுத்தமான துணித்துண்டு ஒன்றை விரித்து, அதற்கு மேல் வைத்தேன். ஈரம் காயட்டும் என்று மூடியைப் பூட்டாமல் ஜன்னலடியில் விட்டேன்.